கை நனைக்காத விருந்து

பேர்லினில் ஒரு தூதுவரின் காரை நான் ஓட்டினேன். தென்னமெரிக்க நாடு ஒன்றின் தூதுவர். பெண். எந்த நாடு என்று எழுத மாட்டேன். எழுதினால் ஆளைக் கண்டுபிடித்துவிடுவீர்கள், அவருக்கு அங்கே இன்னும் எதிரிகள் இருக்கிறார்கள். எனக்கும் இங்கே இருக்கிறார்கள். ஆனால் என்னுடைய எதிரிகள் தமிழ் வாசிப்பதில்லை.

அதற்கு முன்னர் வுப்பர்டாலில் ரக்சி ஓடினேன். புருசனை விட்டுவிட்டு வந்து ரக்சி ஓடினேன் என்பதுதான் முழுக் கதை. எங்கள் சனத்துக்கு இரண்டுமே பிழை. விட்டதும் பிழை, ஓடியதும் பிழை. அந்தக் கதைகளைக் கேட்டுக் கேட்டு அலுத்துப்போய்த்தான் பேர்லினுக்கு இடம் மாறினேன். அங்கே தூதரகத்தின் பழைய ஓட்டுநர் ஓய்வுபெறப் போகிறார் என்று தெரிந்து விண்ணப்பித்தேன். ஒன்பது ஆண்களும் நானும். தூதுவர் என்னை எடுத்தார். அவருக்கு அடுத்த பதவியில் இருந்த ஆலோசகருக்கு அது பிடிக்கவில்லை.

அந்த ஆலோசகர் பரம்பரைத் தூதரக ஆள். தகப்பனும் அதே வேலை. முதல் நாள் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டு, "நகரத்துக்குள் பெண்கள் ஓட்டிவிடுவார்கள். நெடுஞ்சாலையில்தான் தெரியவரும். மூன்று மாதம் பார்ப்போம்" என்றார். சொல்லிவிட்டுச் சிரித்தபடி ஒரு கோப்பிக் கோப்பையை என் பக்கம் நகர்த்தினார். நான் அதைத் தொடவில்லை. அன்றிலிருந்து அந்தக் கட்டடத்தில் பச்சைத் தண்ணீர்கூட நான் குடிக்கவில்லை. தண்ணீர்ப் போத்தலையும் சோற்றுப் பெட்டியையும் வீட்டிலிருந்து கொண்டுபோய், கார் நிற்கும் நிலவறையில், காருக்குள் இருந்து சாப்பிட்டேன்.

தூதரகத்தில் இருந்தவர்கள் அவரவர் அறிவுக்கு ஏற்றபடி காரணம் கண்டுபிடித்தார்கள். எனக்குச் சர்க்கரை வியாதி என்றாள் ஒருத்தி. இந்து, அதனால் மற்றவர் வீட்டில் சாப்பிட மாட்டாள் என்று ஆலோசகர் எல்லோருக்கும் விளக்கம் கொடுத்தார். மதங்களைப் பற்றி அவருக்கு எல்லாம் தெரியும்.

ஒருநாள் தூதுவர் தானாகவே நிலவறைக்கு இறங்கி வந்துவிட்டார். நான் வாயில் சோற்றோடு அகப்பட்டேன்.

இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். நாங்கள் இருவரும் ஜேர்மனில்தான் கதைப்போம். என்னுடையது ரக்சிக்காரர்களிடம் பொறுக்கிய ஜேர்மன். அவருடையது தொழிற்சாலையில் பழகிய ஜேர்மன். இதில் அவருடைய வாயில் எங்கள் தமிழைத்தான் வைக்கிறேன். அவர் கோபிக்க மாட்டார். நான் அவரை அக்கா என்றுதான் கூப்பிட்டேன். முதல் முறை தெரியாமல் வாயில் வந்துவிட்டது. என்ன அர்த்தம் என்று கேட்டார், சொன்னேன். "அப்ப அதையே வைச்சுக்கொள்ளும்" என்றார். தூதுவர் அம்மையார் அவர்களே என்று முழம் முழமாகக் கூப்பிட்டுக்கொண்டிருந்த ஆலோசகருக்கு அது எரிச்சல்.

"மேல சமையலறை இருக்கு. நீர் ஏன் இஞ்ச கராஜுக்குள்ள இருந்து சாப்பிடுறீர்?" என்று கேட்டார்.

"மேல நான் கை நனைக்கிறேல்லை அக்கா."

"கை கழுவத் தண்ணி வருதில்லையோ?"

"அது இல்லை. இந்த வீட்டோட நான் கோவம்."

அவர் பின் கதவைத் திறந்து காருக்குள் ஏறி இருந்தார். "சொல்லும்" என்றார்.

சொன்னேன். எங்கள் ஆட்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. ஒரு வீட்டோடு கோபம் என்றால் அந்த வீட்டில் கை நனைக்க மாட்டோம். சாப்பிடுவதும் இல்லை, குடிப்பதும் இல்லை. சாப்பிட்டால் சமாதானம் ஆகிவிட்டது என்று அர்த்தம். பெண் பார்க்கப் போனால்கூட, சம்பந்தம் சரி என்று மனதில் பட்டால்தான் அந்த வீட்டில் சாப்பிடுவார்கள். ஆனால் கோபம் என்பதற்காக நல்லது கெட்டதுக்குப் போகாமல் இருக்கவும் ஏலாது. போகாவிட்டால் பிழை எங்கள் பக்கம் வந்துவிடும். ஆகவே போவோம். முன் வரிசையில் இருப்போம். கொடுக்க வேண்டியதைக் கொடுப்போம். பந்தி போடும்போது எழும்பி வந்துவிடுவோம்.

வுப்பர்டாலில் என் புருசனுடைய தமையன் மகளின் கலியாணத்தில் நான் அதைத்தான் செய்தேன். அவர்கள் என்னைப் பற்றிக் கதைத்த கதைகளுக்குப் பிறகும் அழைப்பு வந்தது. வராமல் விடுவேன் என்று நினைத்து அனுப்பிய அழைப்பு. நல்ல சேலை உடுத்திக்கொண்டு போனேன். தாலி கட்டும்வரை இருந்தேன். பிறகு எழும்பி நடந்தேன். பெண்ணின் தாய் கார் தரிப்பிடம் வரை பின்னால் ஓடி வந்தார். "எடியே, ஒரு வாய் பாயாசமெண்டாலும் குடிச்சிட்டுப் போவன், சனம் பாக்குது!" என்று கெஞ்சினார். சனம் பார்க்கட்டும் என்றுதான் நான் வந்ததே. ரக்சியை எடுத்துக்கொண்டு போய்விட்டேன்.

தூதுவர் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தார். "அப்ப என்னோடயும் கோவமோ?" என்றார்.

"உங்களோட இல்லை. வீட்டோட."

"நல்லது. அப்ப உம்மட பெட்டியில இருந்து எனக்குக் கொஞ்சம் தாரும். கார் தூதரகம் இல்லைத்தானே."

புட்டும் கத்தரிக்காய்ப் பொரியலும் இருந்தன. கையால் அள்ளிச் சாப்பிட்டார். சாப்பிட்டுக்கொண்டே தன் கதையைச் சொன்னார். பிறகு வந்த மாதங்களில், ஓடும் காரில், மிச்சத்தையும் சொன்னார். எல்லாவற்றையும் சேர்த்து இங்கே எழுதுகிறேன்.

அவர் மலைப் பள்ளத்தாக்கு ஒன்றில் நேர்ஸாக இருந்தவர். ஆஸ்பத்திரிக்கு மருந்து கேட்டு வேலைநிறுத்தம் செய்தார். இராணுவம் ஆட்சியில் இருந்த காலம். பிடித்து அடைத்தார்கள். வெளியே வந்ததும் ஓடினார். ஓடி வந்து சேர்ந்த இடம் கிழக்கு ஜேர்மனி. அங்கே மின்குமிழ் செய்யும் தொழிற்சாலையில், குமிழுக்குள் கம்பி பொருத்தும் வேலை. சுவருக்கு அந்தப் பக்கம் அவர் அகதி. இந்தப் பக்கம் நான் அகதி. ஆலோசகர் இந்த நாட்டுக்கு விமானத்தில், முதல் வகுப்பில் வந்தவர்.

ஊரில் ஆட்சி மாறியதும் திரும்பிப் போனார். பள்ளத்தாக்குச் சனம் அவரைத் தேர்தலில் நிறுத்தி நாடாளுமன்றத்துக்கு அனுப்பியது. அங்கே பெரிய வீட்டுப் பிள்ளைகளுக்குத்தான் நாற்காலி. இவரை யாரும் கணக்கில் எடுக்கவில்லை. அந்தச் சபையில் ஒரு தந்திரம் இருந்தது. சனத்துக்குப் பிடிக்காத சட்டங்களை மத்தியானத்தில்தான் வாக்கெடுப்புக்கு விடுவார்கள். தூர மாகாணங்களில் இருந்து வந்த உறுப்பினர்கள் மலிவுக் கடை தேடிச் சாப்பிடப் போயிருப்பார்கள். பணக்கார உறுப்பினர்களுக்குப் பின்கட்டில் சொந்தச் சாப்பாட்டறை இருந்தது. மணி அடித்ததும் ஓடி வந்து கை தூக்கிவிட்டுப் போவார்கள்.

இவருக்கு அது முதல் வருடமே விளங்கிவிட்டது. அதற்குப் பிறகு மத்தியானத்தில் ஆசனத்தை விட்டு எழும்பவே இல்லை. அவித்த சோளத்தையும் ஒரு துண்டு சீஸையும் துணியில் சுற்றிக் கொண்டுவந்து, சபைக்குள்ளேயே, தன் மேசையிலேயே வைத்துச் சாப்பிட்டார். அதைத் தடுக்க எந்த விதியும் இல்லை. அப்படி ஒருத்தி வருவாள் என்று விதி எழுதியவர்கள் நினைத்திருக்க மாட்டார்கள். பத்திரிகைக்காரர் சோளப்பொத்தியும் கையுமாக அவரைக் கேலிப்படம் வரைந்தார்கள். சாப்பாட்டு ராணி என்று பெயர் வைத்தார்கள். அவர் அந்தப் படங்களை வெட்டித் தன் அலுவலகச் சுவரில் ஒட்டினார்.

ஒரு மத்தியானம் சுரங்கச் சட்டம் வந்தது. அவருடைய பள்ளத்தாக்கின் ஆறு ஊறும் மலையைத் தோண்ட அனுமதி கொடுக்கும் சட்டம். அந்த ஆற்றை விடமாட்டேன் என்று தேவாலய முற்றத்தில் நின்று சனத்துக்கு வாக்குக் கொடுத்துத்தான் அவர் வென்றிருந்தார். சட்டத்தைக் கொண்டுவந்தது அவருடைய சொந்தக் கட்சி. அன்றைக்கு அந்தப் பணக்கார உறுப்பினர்கள், எப்படியும் வெல்வோம் என்ற திமிரில் சாப்பாட்டு மேசையை விட்டு எழும்பி வரவில்லை. இவர் சோளத்தைக் கீழே வைத்துவிட்டு எழும்பி, ஆட்களை எண்ணுங்கள் என்றார். எண்ணினார்கள், வாக்கெடுப்புக்குத் தேவையான ஆட்கள் இல்லை. சட்டம் விழுந்தது.

"தின்றுகொண்டே விழுத்தினனான்" என்றார் என்னிடம்.

அடுத்த தேர்தலில் கட்சி அவருக்கு இடம் கொடுக்கவில்லை. ஆனால் சும்மா விட்டால் ஊரில் இருந்து கத்துவாரே. தூதுவர் பதவி கொடுத்தார்கள். ஜேர்மன் தெரிந்தவர், அனுபவம் உள்ளவர், பெண்களுக்குக் கிடைத்த பெருமை என்று பெரிய அறிக்கை. தூரமாக அனுப்பி வாயை மூடுவதுதான் நோக்கம். அது எனக்கே விளங்கியது.

"தெரிஞ்சுகொண்டும் ஏன் அக்கா வந்தனீங்கள்?"

"விக்கிறவன் ஆரெண்டு எனக்குத் தெரியும். வாங்கிறவன் ஆரெண்டு பாக்க வேணுமெல்லே. அவன் இஞ்சதானே இருக்கிறான்."

அவனைப் பார்க்கும் நாளும் வந்து சேர்ந்தது. ஊரில் அந்தச் சட்டத்தை இரண்டாம் முறை கொண்டுவந்து நிறைவேற்றினார்கள். டோர்ட்மண்ட் பக்கத்தில் ஒரு கம்பனி. அந்தச் சுரங்கத்துக்கு இயந்திரமும் பணமும் அவர்களுடையது. மிச்சம் இருந்தது ஒன்றுதான். பள்ளத்தாக்குச் சனம் வாக்களித்துச் சம்மதம் சொல்ல வேண்டும். சனம் சம்மதிக்கிற மாதிரித் தெரியவில்லை. அப்போது அவர்களுடைய நாட்டுத் தலைநகரில் யாருக்கோ ஒரு யோசனை வந்திருக்கிறது. கம்பனி ஒரு மத்தியான விருந்து வைக்கட்டும். தூதுவர் போய் முதலாளிக்குப் பக்கத்தில் இருக்கட்டும். கண்ணாடிக் கிண்ணத்தைத் தூக்கிப் படம் எடுக்கட்டும். அந்தப் படத்தைப் பள்ளத்தாக்கு முழுவதும் ஒட்டலாம். உங்கள் ஆளே சரி சொல்லிவிட்டாள், நீங்கள் ஏன் நிற்கிறீர்கள் என்று கேட்கலாம்.

வெளிநாட்டமைச்சர் தானே தொலைபேசியில் பேசியிருக்கிறார். "நீங்கள் ஒன்றும் பேசத் தேவையில்லை. இருங்கள், சிரியுங்கள், சாப்பிடுங்கள். போதும்" என்றாராம்.

போகாமல் விட்டால் கட்டளையை மீறியதாகப் பதவியைப் பிடுங்குவார்கள். ஆலோசகர் அந்த நாற்காலியில் இருந்து கிண்ணத்தைத் தூக்குவார். ஊரில் இவரைப் பற்றி என்ன கதையையும் கட்டுவார்கள், மறுப்பதற்கு இவர் அங்கே இல்லை. போனால் படம். அந்தப் படத்துக்குப் பிறகு தேவாலய முற்றத்தில் இவர் முகம் காட்ட ஏலாது.

ஆனி மாதம், ஒரு வெள்ளிக்கிழமை. விடியப் புறப்பட்டோம். ஆலோசகர் விமானத்தில் போயிருந்தார், காரில் நாங்கள் இருவரும்தான். நெடுஞ்சாலையில் லொறிகளை முந்திக்கொண்டிருந்தேன். ஹனோவர் தாண்டியதும் பின்னாலிருந்து குரல் வந்தது.

"உந்தக் கலியாணத்தில நீர் சாப்பிடாமல் போனதை இப்பவும் கதைக்கினமோ?"

"ஏன் கதைக்காயினம்? நான் செத்தாலும் கதைப்பினம்."

"அங்க என்ன சாப்பாடு போட்டவை?"

"தெரியேல்லை."

"சாப்பிட்ட சனத்துக்கு ஞாபகம் இருக்குமோ?"

யோசித்துப் பார்த்தேன். "இராது அக்கா. நான் எழும்பிப் போனதுதான் ஞாபகம் இருக்கும்."

"அப்ப போதும்" என்றார்.

எனக்கு அப்போதுதான் விளங்கியது. காரை லொறிக்குப் பின்னால் போட்டு வேகத்தைக் குறைத்தேன். "அக்கா, விசர்க் கதை கதைக்காதேங்கோ. அது கலியாண வீட்டுச் சண்டைக்குச் சரி. நாட்டு விசயத்துக்கு உதவாது. இவங்களுக்கு ஒரு மண்ணும் விளங்காது. உங்களுக்கு வயிற்றுக் குத்து எண்டு நினைச்சு டொக்டரைக் கூப்பிடுவாங்கள்."

"இவங்களுக்கு விளங்கத் தேவையில்லை. என்ர சனத்துக்கு விளங்கும். சபைக்குள்ள இருந்து தின்றவள் நான். நான் சாப்பிடாட்டில் அவையளுக்குத் தெரியும் ஏதோ இருக்கெண்டு."

"எழும்பி வரப்போறியளோ?"

"இல்லை. எழும்பினால் கட்டளையை மீறினதாப் போயிடும். கடைசிவரைக்கும் இருப்பன்." பிறகு சொன்னார்: "வேகமா ஓடும். பிந்திப் போனால் அதையும் பிழை எண்டு எழுதுவாங்கள்."

கம்பனியின் விருந்து மாளிகை ஒரு பழைய முதலாளி வீடு. பெரிய தோட்டம். ஓட்டுநர்களுக்குப் பக்கத்து அறையில் மேசை போட்டிருந்தார்கள். நடுவில் கண்ணாடிக் கதவு. எனக்கு எல்லாம் தெரிந்தது. நீளமான மேசை, வெள்ளைத் துணி, நடுவில் வயதான முதலாளி, அவருக்கு வலப்பக்கம் தூதுவர், எதிரே ஆலோசகர். மூலையில் படம் பிடிப்பவரும், தூதுவரின் நாட்டுப் பத்திரிகைக்காரர் ஒருவரும் நின்றார்கள்.

முதலில் சூப் வந்தது. தூதுவர் தொடவில்லை. கையை மடியில் வைத்துக்கொண்டு, முதலாளி சொல்வதைக் கேட்டுச் சிரித்துக்கொண்டிருந்தார். சூப் அப்படியே திரும்பிப் போனது. ஸ்பார்கல் என்கிற மரக்கறி விளையும் காலம், அதன் வெள்ளைத் தண்டுகளை வெண்ணெயில் நீந்தவிட்டுக் கொண்டுவந்தார்கள். அதுவும் திரும்பிப் போனது. மீன் திரும்பிப் போனது. முதலாளி குனிந்து ஏதோ கேட்டார். உடனே சமையலறையில் ஓட்டம். மரக்கறி மட்டும் உள்ள தட்டு ஒன்று வந்தது. பிறகு உப்பில்லாத தட்டு ஒன்று. பிறகு சமையற்காரரே தொப்பியோடு வந்து அவர் பக்கத்தில் நின்றார். தூதுவர் அவருடைய கையைப் பிடித்து நன்றி சொன்னார். தட்டைத் தொடவில்லை.

எனக்கு முன்னாலும் ஒரு தட்டு இருந்தது. வறுத்த இறைச்சியும் உருளைக்கிழங்குச் சலாதும். நானும் தொடவில்லை. பசி குடலைப் பிடுங்கியது. பக்கத்தில் இருந்த ஓட்டுநர் ஒருவர், "உனக்கு வேண்டாமா?" என்று கேட்டு அதையும் இழுத்துச் சாப்பிட்டார். அவருக்கு யாரோடும் கோபம் இல்லை.

ஆலோசகர் கண்ணாடிக் கதவைத் திறந்துகொண்டு வந்தார். முகம் சிவந்திருந்தது.

"காலையில் என்ன சாப்பிட்டார்? வயிறு சரியில்லையா?" என்று என்னிடம் கேட்டார்.

"வயிறு நல்லாத்தான் இருக்கு."

"அப்படியென்றால் ஏன்?"

"இந்த வீட்டோடு கோபம்."

அவர் என்னைப் பார்த்தார். ஒரு வருடமாக நான் தொடாத கோப்பிகள் எல்லாம் அப்போதுதான் அவருக்கு விளங்கியிருக்க வேண்டும். "நீதான் போய்ச் சொல்ல வேண்டும். உன் பேச்சைத்தான் கேட்பார். ஒரு வாய் சாப்பிடச் சொல்" என்றார்.

"நான் கார் ஓட்ட வந்தனான். ஊட்டிவிட வரேல்லை" என்றேன். ஜேர்மனில் சொல்லும்போது இவ்வளவு அழகாக வரவில்லை. ஆனால் அவருக்கு விளங்கியது.

முதலாளி எழும்பினார். உரை. நட்பு, எதிர்காலம், வளம். எல்லோரும் எழும்பிக் கிண்ணங்களைத் தூக்கினார்கள். தூதுவரும் எழும்பினார். படம் பிடிப்பவர் முன்னால் வந்தார். பரிமாறுகிற பெண் தூதுவரின் கிண்ணத்தில் வைன் ஊற்றக் குனிந்தபோது, அவர் அந்த வெறும் கிண்ணத்தை எடுத்து, துடைத்த மாதிரி வெள்ளையாக இருந்த தன் தட்டுக்குப் பக்கத்தில் கவிழ்த்து வைத்தார். டக் என்று ஒரு சத்தம். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் எனக்கே கேட்டது. பிறகு நேரே கமராவைப் பார்த்து, நன்றாக, பல் தெரியச் சிரித்தார்.

படம் எடுக்கப்பட்டது. அதுதான் படம். எல்லோர் கையிலும் கிண்ணம் மேலே. ஒரு கிண்ணம் மட்டும் மேசையில் தலைகீழாக.

வெளியே வரும்போது அந்தப் பத்திரிகைக்காரர் ஓடி வந்து, உடல்நலம் சரியில்லையா என்று கேட்டார். "நல்ல பசியில் இருக்கிறேன். என் மனம் சம்மதிக்காத வீட்டில் நான் சாப்பிடுவதில்லை" என்றார் தூதுவர். அவ்வளவுதான். நான் கதவைத் திறந்தேன், ஏறினார்.

இதற்குப் பிறகு என்ன நடந்தது என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். கடைசிக்கு இழுத்தடிக்க எனக்குப் பிடிக்காது. சில வாரங்களில் அவரைத் திருப்பி அழைத்தார்கள். காரணம், விருந்தளித்தவரை அவமதித்தது. "இரு, சிரி, சாப்பிடு எண்டவை. மூண்டில ரெண்டைச் செய்தனான்" என்று என்னிடம் சொல்லிச் சிரித்தார். அமைச்சுக்கும் அதையே எழுதி அனுப்பினார். பள்ளத்தாக்கில் அந்தப் படத்தை அரசாங்கம் ஒட்டவில்லை. பத்திரிகையில் வந்ததை வெட்டிச் சனமே ஒட்டியது. சுரங்கம் வேண்டாம் என்று வாக்களித்தார்கள். படத்தால்தான் அப்படி வாக்களித்தார்கள் என்று நான் சொல்ல மாட்டேன். அந்தச் சனத்துக்குச் சொந்தப் புத்தி இருக்கிறது. சுரங்கக்காரர் இன்றைக்கும் கதவைத் தட்டிக்கொண்டுதான் இருக்கிறார்கள். அவர் ஊருக்குத் திரும்பி மறுபடியும் தேர்தலில் நின்றார், கட்சி இல்லாமல். என்னை ஆலோசகர் அடுத்த மாதமே வேலையில் இருந்து நிற்பாட்டினார். நான் மறுபடியும் ரக்சி ஓட்டினேன். வுப்பர்டாலில்தான். இனி அந்தச் சனத்துக்குப் பயந்து ஊர் மாறுவதில்லை என்று முடிவெடுத்திருந்தேன்.

ஆனால் எனக்குப் பெரிதாக இருப்பது அன்றைய நாளின் மிச்சம்தான்.

கார் நெடுஞ்சாலையில் ஏறியதும் தூதுவர் சப்பாத்தைக் கழற்றி எறிந்தார். "எங்கயெண்டாலும் நிப்பாட்டும். ஒரு பெற்றோல் நிலையத்தில ரெண்டு பாண் வாங்குவம். செத்துப்போவன்."

"கொஞ்சம் பொறுங்கோ அக்கா. வேற ஒரு வீட்டில சாப்பிடுவம்."

"ஆர் வீடு?"

"அம்மன்ர வீடு. ஊன்ட்றொப்பில, எங்கட கோயில். வழியிலதான். திருவிழா நடக்குது, வாற ஆக்கள் எல்லாருக்கும் சாப்பாடு."

கண்ணை மூடிக்கொண்டு யோசித்தார். "எனக்குச் சாமியில நம்பிக்கை இல்லை. ஆனால் அவவோட எனக்குக் கோவமும் இல்லை. போம்."

நெடுஞ்சாலையில் இருந்து இறங்கி, தொழிற்சாலைகளையும் களஞ்சியங்களையும் தாண்டிப் போனேன். தூரத்தில் மின்நிலையத்தின் பெரிய கோபுரம், இந்தப் பக்கம் எங்கள் கோபுரம். நாதஸ்வரம் ஒலிபெருக்கியில் போய்க்கொண்டிருந்தது. காரின் கொடிக்கு உறை போட்டேன். தூதுவர் விருந்துக்குப் போட்ட நீலச் சட்டையோடு, வெறுங்காலோடு, சூடான தார் ரோட்டில் துள்ளித் துள்ளி நடந்தார். கோயிலுக்குள் போய்க் கும்பிட்டேன். அவர் கையைக் கட்டிக்கொண்டு மரியாதையாக நின்றார். பிறகு சாப்பாட்டுக் கூடாரத்துக்கு வந்து வரிசையில் நின்றோம். மத்தியானப் பந்தி முடிகிற நேரம்.

சோற்று வாளியோடு நின்ற தொண்டர் ஒருவர் காரையும் பார்த்தார், எங்களையும் பார்த்தார். "தங்கச்சி, உது தூதரகக் காரெல்லே? உவ ஆர்?"

"தூதுவர் அண்ணை."

"ஐயோ, முதலே சொல்லக் கூடாதோ! வரிசையில நிக்க விட்டிருக்கிறீர். பொறும், மேடையில ஏத்தி ஒரு பொன்னாடை போட்டு விடுவம். ரெண்டு வார்த்தையும் பேசட்டும்."

"அண்ணை, அவவுக்குப் பசி. பொன்னாடையைத் தின்னேலாது. சோத்தைப் போடுங்கோ."

அவர் சிரித்துவிட்டுச் சோற்றைப் போட்டார். "உறைப்புச் சரிவருமோ? கரண்டி வேணுமோ?"

"ஒண்டும் வேண்டாம். பழகின கைதான்."

கடதாசித் தட்டில் சோறு, பருப்பு, பூசணிக்காய்க் கறி, அப்பளம். வாங்குப் பலகையின் ஓரத்தில் இருந்தோம். அவர் பருப்பை விட்டுக் குழைத்து, ஒரு பெரிய கவளமாக உருட்டி வாயில் வைத்தார். கண்ணில் தண்ணீர் வந்தது. உறைப்பாகவும் இருக்கலாம். நானும் சாப்பிட்டேன். எதிரே ஒரு சின்னப் பிள்ளை வாயைத் திறந்தபடி அவரையே பார்த்துக்கொண்டிருந்தது.

அப்போது தொலைபேசி அடித்தது. பயணங்களில் அவருடைய தொலைபேசி என்னுடைய கைப்பையில்தான் இருக்கும். இடக் கையால் எடுத்துப் பார்த்தேன். தலைநகர் இலக்கம். ஆலோசகர் அதற்குள் செய்தி கொடுத்துவிட்டார்.

அவரிடம் நீட்டினேன். அவர் தன் வலக் கையைப் பார்த்தார். முழங்கை வரைக்கும் பருப்பு வழிந்திருந்தது.

"நான் சாப்பிடுறன் எண்டு சொல்லும்."

எனக்கு அவர்களுடைய பாஷை கேட்டால் ஓரளவு விளங்கும், பேச நாலு வசனம்தான் தெரியும். அதில் இதுவும் ஒன்று. காதில் வைத்தேன். அமைச்சர் பேசுகிறார், தூதுவரிடம் கொடு என்றது ஒரு ஆண் குரல். நல்ல கோபத்தில் இருந்த குரல்.

"அவர் சாப்பிடுகிறார்" என்றேன்.

"சாப்பிடுகிறாரா? எங்கே? யாருடைய வீட்டில்?" என்று அந்தக் குரல் கத்தியது.

அதற்குப் பதில் சொல்ல எனக்கு அந்தப் பாஷை போதாது. அணைத்துப் பைக்குள் போட்டேன். தூதுவர் வெறும் தட்டைத் தூக்கி என்னிடம் காட்டினார்.

"அண்ணை," என்று வாளிக்காரரைக் கூப்பிட்டேன், "இஞ்சால வாங்கோ. அக்காவுக்கு இன்னும் கொஞ்சம் போடுங்கோ."